நாற்பது நாள் ஒருசந்தி

ராயபுரம்
10.11.2024

அன்புள்ள ஐரீன்,

இருமல் விட்டதா? விடியற்காலை ஜெபத்துக்குப் போகும்போது தலையில் துணி கட்டிக்கொள். மலையடிவாரத்துப் பனி உனக்கு ஆகாது. இங்கே நாங்கள் நலம் என்று எழுதத்தான் உட்கார்ந்தேன். டோல்கேட்டில் ரத்தப் பரிசோதனை லேபில் வேலை பார்க்கிறவள் அப்படிப் பொய் எழுதக் கூடாது.

அம்மாவின் இடது காலில், சுண்டுவிரலுக்குக் கீழே ஒரு புண். இரண்டு மாதமாக ஆறவில்லை. வலியே இல்லை என்கிறாள். வலிக்காமல் இருப்பதுதான் பயம். சர்க்கரை நரம்பைத் தின்றுவிட்டது. நானே ரத்தம் எடுத்துப் பார்த்தேன். மூன்று மாதச் சராசரி 10.8. ஏழுக்குள் இருக்க வேண்டியது.

பெரியாஸ்பத்திரியில் கால் டாக்டரம்மா ஒரு தாளில் படம் வரைந்து காட்டினார். முதலில் விரல், அப்புறம் பாதம், அப்புறம் முழங்கால். எனக்குப் படம் தேவைப்படவில்லை. ஹார்பரில் மூட்டை தூக்கிய நம் அப்பா ஒரு கால் இல்லாமல், டயாலிசிஸ் கட்டிலில் கிடந்து போய்ச் சேர்ந்ததை நாம் இரண்டு பேரும் பக்கத்தில் நின்று பார்த்தோம்.

மாத்திரை மட்டும் போதாது, தட்டை மாற்றுங்கள் என்றார் டாக்டரம்மா. தட்டில் பாதி காயும் கீரையும். கால் பங்கு பயறு, பருப்பு. மிச்சக் கால் பங்கில்தான் சோறு. கருவாடு அறவே வேண்டாம். வெளியே வந்ததும் அம்மா என்னிடம் கேட்டாள்: "மீன்காரி மீன் துன்னாம இன்னா துன்னுவா, ஐஸையா?"

நான் முடிவு செய்துவிட்டேன். மே மாதம் உன் முதல் வார்த்தைப்பாடு. நீ கன்னியாஸ்திரி ஆகிற அன்று அம்மா இரண்டு காலோடு அந்தக் கோவிலுக்குள் நடந்து வர வேண்டும். அது என் பொறுப்பு.

உனக்குப் போன் கிடையாது, மாதம் ஒரு கடிதம்தான், அதையும் பொறுப்பாளர் சிஸ்டர் படித்துவிட்டுத்தான் தருவார் என்று தெரியும். படிக்கட்டும். அவருக்கும் என் தோத்திரம்.

உன் அக்கா,
ஜூடி


இயேசு மரி சூசை

நவதுறவியர் இல்லம், திண்டுக்கல்
1.12.2024

அன்பு அக்காவுக்கு,

தோத்திரம். இருமல் நின்றுவிட்டது. உன் தோள்வலி எப்படி இருக்கிறது? அம்மாவின் கால் நினைவாகவே இருக்கிறேன்.

டாக்டரம்மா சொன்ன தட்டுதான் இங்கே எங்களுக்குத் தினமும். பக்தி ஒன்றும் இல்லை, தோட்டத்தில் விளைவதைச் சாப்பிடுகிறோம், அவ்வளவுதான். காலையில் கேழ்வரகுக் கூழ், மதியம் கைக்குத்தல் அரிசி கொஞ்சம், ஏதாவது ஒரு கீரை, கொள்ளு ரசம். ஞாயிறு மட்டும் முட்டை. இங்கே எழுபது தாண்டிய சிஸ்டர்கள் ஆறு பேர் இருக்கிறார்கள். ஒருவருக்குத்தான் சர்க்கரை. நம் தெருவில் ஐம்பதைத் தாண்டிய ஆறு பேரை நினைவில் நிறுத்தி எண்ணிப் பார்த்தேன். மனது சரியில்லாமல் போயிற்று.

கொள்ளை முதல் நாளே ஊறவைத்து முளை கட்டச் சொல். வெந்தயக் கீரை போட்டால் கசப்புத் தெரியாது.

ஒரு கேள்வி. புண் எப்படி வந்தது? நீ எழுதவில்லை. ஆகஸ்டில் எனக்காக ரயிலில் வேளாங்கண்ணி போய் வந்தாளே, அப்போது கால் நன்றாகத்தானே இருந்தது?

மணி அடிக்கிறது. அம்மாவுக்கு என் முத்தம்.

தங்கை,
ஐரீன்


ராயபுரம்
22.12.2024

அன்புள்ள ஐரீன்,

கிறிஸ்துமஸ் வாழ்த்து. உடம்பைப் பார்த்துக்கொள். தோள் வலிக்கத்தான் செய்கிறது. அது கிடக்கட்டும்.

கோபித்துக்கொள்ளாதே. உன் கடிதத்தைப் படித்துவிட்டுத் தூக்கிப் போட்டேன், அப்புறம் எடுத்து மடித்து வைத்தேன். தோட்டத்தில் விளைவதைச் சாப்பிடுகிறோம் என்று எழுதிவிட்டாய். நம் வீட்டுக் கொல்லை எது, தெரியுமா? கண்டெய்னர் லாரி நிற்கிற சாலை. கோயம்பேடு சந்தையில் கழித்துப் போட்டதுதான் இந்தப் பக்கம் காயாக வருகிறது. வாய்க்கால் ஓரத்தில் கீரை போடுகிறார்கள். அந்தத் தண்ணீர் என்ன நிறம் என்று உனக்கே தெரியும். மலிவாகவும் நிறையவும் கிடைப்பது ரேஷன் அரிசி ஒன்றுதான். அதைத் தின்று தெருவே சர்க்கரையில் கிடக்கிறது. நம் சந்தில் முப்பத்தொரு வீடு. பத்தொன்பது வீட்டு ரத்தத்தை நானே எடுத்திருக்கிறேன்.

போன வாரம் ஒரு கம்பெனிக்காரர்கள் வந்து கூடாரம் போட்டார்கள். துணி காயப்போட்டால் இவர்கள் புகைபோக்கிச் சாம்பல்தான் வந்து உட்காரும். 'நலமாக உண்போம்' என்று ஒரு தாள் கொடுத்து, ஆளுக்கு ஒரு டப்பா வெள்ளரிக்காய்த் துண்டு கொடுத்துப் போட்டோ எடுத்துக்கொண்டு போனார்கள். தாளில் பெயர் தெரியாத பச்சைக் காய்களின் படம். அம்மா அந்தத் தாளில் நெத்திலி மடித்துக் கொடுத்துவிட்டாள்.

அம்மாவின் கணக்கும் ஒரு விதத்தில் சரிதான். ஏலத்தில் எடுத்த மீனில் விற்காமல் அன்னக்கூடையில் மிஞ்சுவதுதான் நம் குழம்பு. இத்தனை வருடமும் அப்படித்தான் வளர்ந்தோம். காயைக் காசு கொடுத்து வாங்க வேண்டும். மீன் குழம்பு இருந்தால் மூன்று தட்டுச் சோறு தானாக இறங்கும். மீன் அவளைக் கெடுக்கவில்லை. மீன் இழுத்து வந்த சோறும் கருவாட்டு உப்பும்தான் கெடுத்தன.

ஆனாலும் ஆரம்பித்துவிட்டேன். கொருக்குப்பேட்டை ரயில்வே குவார்ட்டர்ஸ் பின்னால் நாலு முருங்கை மரம் நிற்கிறது. வேலை முடிந்து வரும்போது கிளை ஒடிக்கிறேன். வாட்ச்மேன் அசோகன் முதல் நாள் கத்தினார். அவருக்கும் இலவசமாகச் சர்க்கரை பார்த்துக் கொடுத்தேன். இப்போது ஏணி பிடிக்கிறார். கீழ் வீட்டுப் பதுருன்னிசா ஆன்ட்டி எனக்குப் பயறு வேகவைக்கச் சொல்லித் தருகிறார். அவருக்கும் சர்க்கரைதான்.

உன் அக்கா,
ஜூடி


இயேசு மரி சூசை

திண்டுக்கல்
8.1.2025

அன்பு அக்காவுக்கு,

புத்தாண்டு வாழ்த்து. எல்லோரும் சுகம்தானே? எனக்குக் கொஞ்சம் பல்வலி, வேறொன்றும் இல்லை.

நீ திட்டியது சரி. உன் கடிதத்தைப் படித்த அன்று தட்டில் கீரையை வைத்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். பொறுப்பாளர் சிஸ்டரிடம் கேட்டேன். மூன்று கிலோ கொள்ளும் இரண்டு கிலோ கேழ்வரகும் பார்சல் அனுப்ப அனுமதித்தார். "உன் அக்காவின் கடிதத்தைப் பிரிக்க எனக்கும் பயமாகத்தான் இருக்கிறது" என்று சிரித்தார்.

அம்மாவிடம் சண்டை போடாதே. அவளுக்குச் சொன்னால் ஏறாது, காரணம் வேண்டும்.

தெருவின் ரத்தத்தை எல்லாம் எடுத்தாயே. உன்னுடையதை எடுத்தாயா? எவ்வளவு?

புண் எப்படி வந்தது என்று மறுபடியும் கேட்கிறேன்.

தங்கை,
ஐரீன்


ராயபுரம்
9.2.2025

அன்புள்ள ஐரீன்,

பார்சல் வந்தது. சிஸ்டருக்கு நன்றி சொல். பல்வலிக்கு மருந்து போட்டாயா என்று அம்மா கேட்கச் சொன்னாள்.

மூன்று மாதம் முடிந்தது. மறுபடி எடுத்தேன். 10.1. அவ்வளவு பாடுபட்டு அவ்வளவுதான் இறங்கியிருக்கிறது. ஏன் என்று எனக்குத் தெரியும். வீட்டில் பயறு தின்றுவிட்டு, காசிமேட்டில் ஏலக்கூடத்துக்கு வெளியே ஆப்பக்காரியிடம் கருவாட்டுக் குழம்போடு நாலு ஆப்பம். மீன் ஆட்டோ ஓட்டும் சிலுவைமுத்து மாமாதான் என்னிடம் போட்டுக் கொடுத்தார். கேட்டால் அழுகிறாள். வீடு வீடாகப் போகும்போது வாடிக்கைக்காரர்கள் கேலி செய்கிறார்களாம். "இன்னா பிலோமினாக்கா, நீயே மீன் துன்றதில்லயாமே. அப்ப இதுல இன்னாவோ கீது" என்று ஒருத்தி சங்கரா மீனைக் கையில் எடுத்துவிட்டுத் திரும்ப வைத்தாளாம்.

"அப்பா காலை மறந்துட்டியா?" என்று கத்தினேன்.

"மறக்கல. அதுக்கோசரம் நான் உசுரோட கீறப்பவே உன் லேபு டப்பால படுத்துக்கணுமா?" என்றாள்.

புண் ஒரு ரூபாய்க் காசு அளவு. பெரிதாகவில்லை. சிறிதாகவும் இல்லை. டாக்டரம்மா ஏப்ரல் வரை பார்ப்போம் என்கிறார்.

நான் விட மாட்டேன். அவளுக்குப் பிடிவாதம் இருக்கிறது என்றால் நானும் அவள் வயிற்றில்தான் பிறந்தேன்.

ஜூடி


இயேசு மரி சூசை

திண்டுக்கல்
27.2.2025

அன்பு அக்காவுக்கு,

பல்வலி போய்விட்டது. அம்மாவுக்குச் சொல். உன் தோளுக்குச் சுடுதண்ணீர் ஒத்தடம் கொடு.

மார்ச் ஐந்தாம் தேதி சாம்பல் புதன். தவக்காலம் முழுக்க எங்களுக்குக் கடிதம் வராது, நாங்களும் எழுத மாட்டோம். நீ எழுதினால் அலுவலக அறையில் இருக்கும், ஈஸ்டருக்குப் பிறகு தருவார்கள். அதற்குப் பிறகு வார்த்தைப்பாட்டுக்கு ஆறு வாரம்தான். சில நாள் உறுதியாக இருக்கிறேன். சில நாள் இல்லை. இதற்கு மேல் எழுதத் தெரியவில்லை.

அம்மாவுக்கு ஒரு துண்டுச் சீட்டு தனியாக மடித்து வைத்திருக்கிறேன். அதை அவளே எழுத்துக்கூட்டிப் படிக்கட்டும். நீ படிக்க வேண்டாம்.

தங்கை,
ஐரீன்


ராயபுரம்
16.3.2025

அன்புள்ள ஐரீன்,

இது உன் கைக்கு ஈஸ்டருக்குப் பிறகுதான் வரும் என்று தெரிந்தே எழுதுகிறேன். நல்ல செய்தியை வைத்துக்கொண்டு சும்மா இருக்க முடியவில்லை. சுகமாக இரு.

அம்மா மாறிவிட்டாள். சாம்பல் புதன் அன்று நெற்றியில் சாம்பலோடு வந்து, "நாப்பது நாளும் சுத்தபோசனம். மீனு கெடையாது, கருவாடு கெடையாது, நீ போடறத துன்றேன்" என்றாள். தவக்காலத்தில் கறியை மட்டும் விட்டு மீனை ஒரு கை பார்க்கிற வீடு நம்முடையது. எனக்கு நம்பிக்கை வரவில்லை. பதினொரு நாள் ஆகிவிட்டது. சொன்னபடி இருக்கிறாள். ஆப்பக்காரியும் கடவுள் சத்தியமாக வரவில்லை என்கிறாள்.

தினமும் ஊசி குத்திப் பார்க்கிறேன். சாப்பிடும் முன் 230 இருந்தது, 170, 140, நேற்று 104. லேபில் எல்லோருக்கும் காட்டினேன். விடியற்காலை அவள் ஏலத்துக்குக் கிளம்பும்போது மாத்திரையை நானே கையில் கொடுத்து விழுங்க வைக்கிறேன். ஒரு டப்பாவில் முளைப்பயறுச் சுண்டல் கட்டித் தருகிறேன். டப்பா தினமும் காலியாகத் திரும்பி வருகிறது. அதைக் கழுவும்போது எனக்குப் பாட்டு வருகிறது.

உன் சீட்டில் என்ன எழுதினாய் என்று கேட்டேன். காட்ட மாட்டேன் என்று ஜாக்கெட்டுக்குள் செருகிக்கொண்டாள். என்னவோ எழுதினாய், அது வேலை செய்திருக்கிறது.

ஜூடி


ராயபுரம்
8.4.2025

ஐரீன்,

நலம் விசாரிக்கும் நிலையில் நான் இல்லை. நீயாவது நன்றாக இரு.

மார்ச் 28, வெள்ளிக்கிழமை. காலை ஏழு மணிக்கு அம்மா ஏலக்கூடத்தில் விழுந்துவிட்டாள். மீன்பெட்டிகள் நடுவே விழுந்ததில் தகரத்தில் மாட்டிப் புண் கிழிந்தது. உடம்பு நனைந்த துணி மாதிரி வேர்த்திருந்ததாம். ஏதோ மயக்கம் என்று நினைத்தார்கள். டீக்கடைக்காரர் சர்க்கரை அள்ளிப்போட்ட டீயை வாயில் ஊற்றினார். அவர்தான் அவளைக் காப்பாற்றினார். சிலுவைமுத்து மாமா மீனை இறக்கிவிட்டு அதே ஆட்டோவில் பெரியாஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். அங்கே பார்த்தபோது 42. டீ குடித்த பிறகு 42.

மாமா வராந்தாவில் நின்று அழுதார். அழுதுகொண்டே ஒன்று சொன்னார். "உன் சுண்டல நாந்தாம்மா துன்னேன், மூணு வாரமா. வேணாம்னு குட்த்துச்சு. ருசியா கீதேன்னு நானும் துன்னுட்டேன்."

அவள் வெறும் சுத்தபோசனம் இருக்கவில்லை. ஒருசந்தி இருந்திருக்கிறாள். விழுந்த நாள் வரை, தினமும். ஒரு வேளைச் சாப்பாடு, அதுவும் மதியம் மூன்று மணிக்கு மேல். அதற்குள் அன்னக்கூடையைத் தலையில் வைத்துக்கொண்டு கொருக்குப்பேட்டை முழுக்கச் சுற்றி வந்துவிடுவாள். வெறும் வயிற்றில், சர்க்கரையை இறக்குகிற மாத்திரையோடு. ராத்திரி நான் வருமுன்பே சாப்பிட்டுவிட்டதாகச் சொல்வாள்.

அந்த மாத்திரையைக் கொடுத்தது நான். விழுங்கினாளா என்று பார்த்தேன். சாப்பிட்டாளா என்று பார்க்கவில்லை. எண் இறங்க இறங்க டாக்டரம்மாவிடம் ஓடி மருந்தைக் குறைத்து வாங்கியிருக்க வேண்டியவள், லேபில் பெருமை அடித்துக்கொண்டிருந்தேன். பதுருன்னிசா ஆன்ட்டி அதே மாதம் ரம்ஜான் நோன்பு இருந்தார். நோன்புக்கு ஒரு வாரம் முன்பே டாக்டரைப் பார்த்து மாத்திரை நேரத்தை மாற்றி எழுதி வாங்கிவிட்டார். எட்டாவது படித்தவர். எனக்குத் தோன்றவில்லை.

ஏப்ரல் மூன்றாம் தேதி சுண்டுவிரலை எடுத்துவிட்டார்கள். பாதம் இருக்கிறது. புண் மேலே ஏறாமல் இருந்தால் பாதம் நிற்கும்.

புண் எப்படி வந்தது என்று இரண்டு முறை கேட்டாய். குருசைத் தொட்டுச் சத்தியம் வாங்கியிருந்தாள், அதனால் சொல்லவில்லை. அந்தச் சத்தியத்தை இப்போது மீறுகிறேன். ஆகஸ்டில் அவள் ரயிலில் போகவில்லை. ராயபுரத்திலிருந்து வேளாங்கண்ணிக்கு நடந்து போனாள், பாதயாத்திரைக் கூட்டத்தோடு, பதினோரு நாள், செருப்பு இல்லாமல். தார் ரோட்டில் கால் வெந்தது அவளுக்குத் தெரியவே இல்லை. நீ பாதியில் திரும்பி வந்துவிடாமல் வார்த்தைப்பாடு வரை போய்ச் சேர வேண்டும் என்று நேர்ந்துகொண்டாளாம்.

உங்கள் மடத்து எண்ணை இரண்டு தடவை அழுத்திவிட்டு வைத்துவிட்டேன். "அவ ஓடியாந்துட்டா நான் கெடந்த பட்டினியெல்லாம் இன்னாத்துக்கு?" என்று கட்டிலில் படுத்துக்கொண்டே மிரட்டினாள்.

அவள் ஜாக்கெட்டுக்குள் இருந்த சீட்டை நர்ஸ் எடுத்து என்னிடம் கொடுத்தார். ரத்தமும் மீன் தண்ணீரும் பட்டிருந்தது. நான் படித்துவிட்டேன்.

ஜூடி


இயேசு மரி சூசை

திண்டுக்கல்
22.4.2025

அக்கா,

உயிர்ப்பு விழா முடிந்து நேற்று இரண்டு கடிதங்களையும் சேர்த்துக் கொடுத்தார்கள். முதலில் 104-ஐப் படித்துச் சந்தோஷப்பட்டேன். அடுத்த உறையைப் பிரித்தேன். அம்மா இப்போது எப்படி இருக்கிறாள்? சாப்பிடுகிறாளா? நீ தூங்குகிறாயா?

நீ படித்துவிட்டாய். இருந்தாலும் என் கையால் எழுதுகிறேன். "அம்மா, எனக்கு மனது ஆடுகிறது. நாற்பது நாளும் எனக்காக ஒருசந்தி இரு. உன் ஒறுத்தல் இருந்தால்தான் நான் நிற்பேன்." யாரும் என்னை எழுதச் சொல்லவில்லை. இந்த இல்லத்தில் சர்க்கரை உள்ள சிஸ்டர் ஒருசந்தி இருப்பதே இல்லை, உடல்நலம் இல்லாதவர்களுக்குத் திருச்சபையில் அந்தக் கடமையே இல்லை. இது தெரிந்தும் எழுதினேன். நான் எழுதியது என் அம்மாவுக்கு. சர்க்கரை வியாதிக்காரிக்கு என்று அந்த நேரத்தில் நினைக்கவில்லை.

நீ தட்டில் போட்டதை நான் பிடுங்கிவிட்டேன். அவள் நடந்ததும் எனக்காக, விழுந்ததும் எனக்காக.

பெட்டியை எடுத்து வைத்துவிட்டேன். பொறுப்பாளர் சிஸ்டரிடம் சொன்னேன். உன் அக்காவின் பதில் வரும் வரை பொறு என்றார். நான் வீட்டுக்கு வருகிறேன், அக்கா. அவள் காலை நான் கழுவிக் கட்டுகிறேன்.

ஐரீன்


ராயபுரம்
4.5.2025

அன்புள்ள ஐரீன்,

வராதே.

நலமாக இருக்கிறோம். இந்த முறை அதை எழுத எனக்கு உரிமை இருக்கிறது. காயம் மூடிக்கொண்டு வருகிறது. டாக்டரம்மா மாத்திரையைப் பாதியாகக் குறைத்துவிட்டார். மூன்று மாதச் சராசரி 8.2. பட்டினி கிடந்த நாட்களும் அதில் கலந்திருக்கின்றன, அதனால் அதை வைத்துப் பெருமைப்பட மாட்டேன். அடுத்த எண்தான் நிஜமான எண்.

உன்மேல் கோபம் இருந்தது. அந்தச் சீட்டை நாலு நாள் கையில் வைத்துக்கொண்டு உன்னைத் திட்டினேன். அப்புறம் யோசித்தேன். நீ கேட்டாய், அவள் கொடுத்தாள், நான் காலி டப்பாவைக் கழுவிக்கொண்டு பாடினேன். மூன்று பேருமே அவள் காலைக் குனிந்து பார்க்கவில்லை. இதில் நீ மட்டும் பெட்டி கட்டிக்கொண்டு வந்து அழுவது எனக்கு வேண்டாம். அழுகையைச் சாப்பிட முடியாது. ஒரே சம்பளத்தில் ஓடுகிற வீட்டில் மூன்றாவது வயிறும் வேண்டாம். உனக்குக் கன்னியாஸ்திரி ஆக விருப்பம் இல்லை என்றால் வா, கதவு திறந்திருக்கிறது. குற்ற உணர்ச்சியில் வருவதென்றால் வராதே.

இப்போது மீன்பிடித் தடைக்காலம், விசைப்படகு எதுவும் போகவில்லை. அம்மாவுக்கு ஏலம் இல்லை. வீட்டில் உட்கார்ந்து காலை நீட்டிக்கொண்டு அதிகாரம் செய்கிறாள். டாக்டரம்மாவிடம் நேராகவே பேரம் பேசினாள், வாரம் இரண்டு நாள் மீன் குழம்பு, பொரித்தது கிடையாது, சோறு ஒரு கரண்டி. டாக்டரம்மா ஒப்புக்கொண்டார். மற்ற ஐந்து நாளும் கேழ்வரகு, பயறு, முருங்கை. இப்போது சந்தில் ஏழு வீட்டில் முளைப்பயறு கட்டுகிறார்கள், ஏனென்றால் பிலோமினாவின் விரல் போனதை எல்லோரும் பார்த்தார்கள். கூடாரம் போட்டவர்களின் தாள் செய்யாததை ஒரு சுண்டுவிரல் செய்தது. எனக்கு இதில் சந்தோஷம் இல்லை. ஆனால் ஏழு வீடு.

ஜனவரியில் என் எண்ணைக் கேட்டாய். 6.1. இன்னும் வியாதி இல்லை, வாசலில் நிற்கிறது. எனக்கு இருபத்தாறு வயது. நானும் அதே தட்டில்தான் சாப்பிடுகிறேன். உன்னுடையதையும் எடுத்துப் பார்க்கச் சொல்.

இப்போது ஒரே சண்டைதான் மிச்சம். டாக்டரம்மா தனி ரப்பர் செருப்பு எழுதிக் கொடுத்திருக்கிறார், வீட்டுக்குள்ளும் கழற்றக் கூடாது. அம்மா வீட்டில் போடுகிறாள். ஆனால் உன் வார்த்தைப்பாட்டுக்கு வெறுங்காலோடுதான் வருவாளாம். "கோயிலுக்குள்ள செருப்பு போட்டுகினு போனவளா நானு? எம்பொண்ண ஆண்டவருக்கு குட்க்குற அன்னிக்கு?" என்கிறாள். மே மாத வெயிலில், கல் பாவிய முற்றத்தில், உணர்ச்சி இல்லாத காலோடு. நான் சொல்லிப் பார்த்தேன், பதுருன்னிசா ஆன்ட்டி சொல்லிப் பார்த்தார். கேட்க மாட்டேன் என்கிறாள். அவளுக்குக் காரணம் வேண்டும் என்று நீதான் எழுதினாய். கொடு.

உன் அக்கா,
ஜூடி


இயேசு மரி சூசை

திண்டுக்கல்
14.5.2025

அன்புள்ள அம்மாவுக்கு,

தோத்திரம். கால் எப்படி இருக்கிறது? இன்று காலை என்ன சாப்பிட்டாய்? இனிமேல் ஒவ்வொரு கடிதத்திலும் இதைத்தான் முதலில் கேட்பேன்.

அக்கா, இதை அம்மாவுக்குச் சத்தமாகப் படித்துக் காட்டு.

பெட்டியைப் பிரித்துத் துணிகளை மறுபடி அடுக்கிவிட்டேன். நான் இங்கேயே இருக்கிறேன். அம்மா, நீ நடந்ததாலும் இல்லை, பட்டினி கிடந்ததாலும் இல்லை. நீ படுத்துக் கிடந்த செய்தி வந்த பிறகு, உன் ஒறுத்தல் எதுவும் இல்லாமல், மூன்று வாரம் தனியாக யோசித்தேன். எனக்கு இது வேண்டும். இதை நானே சொல்ல முடியும் என்று இப்போதுதான் தெரிந்தது. மனது ஆடினால் இனி நான்தான் பிடித்து நிறுத்த வேண்டும். உன் வயிற்றிலிருந்து எடுத்து நிறுத்த மாட்டேன்.

அம்மா, 31-ஆம் தேதி பூசையில் என் பெயரைக் கூப்பிடுவார்கள். "இதோ வருகிறேன்" என்று சொல்லி நான் எழுந்து பீடத்துக்குப் போக வேண்டும். பொறுப்பாளர் சிஸ்டரிடம் அனுமதி வாங்கிவிட்டேன், நீ செருப்போடு கோவிலுக்குள் வரலாம். முதல் வரிசையில் உனக்கு இடம். என் பெயரைக் கூப்பிட்டதும் நான் திரும்பி உன் காலைப் பார்ப்பேன். செருப்பு இருந்தால் எழுந்திருப்பேன். இல்லாவிட்டால் எத்தனை முறை கூப்பிட்டாலும் உட்கார்ந்தே இருப்பேன். பிஷப் ஆண்டவர் காத்திருக்கட்டும்.

இது மிரட்டல்தான். உன்னிடம்தான் கற்றுக்கொண்டேன்.

உன் மகள்,
ஐரீன்


ராயபுரம்
21.5.2025

(அம்மா சொல்லச் சொல்ல எழுதுகிறேன். ஒரு வார்த்தையும் நான் மாற்றவில்லை. ஜூடி.)

ஐரீனு கண்ணு,

அம்மா நல்லா கீறேன். நீ நல்லா கீறியா? கால்ல கட்டு அவுத்தாச்சு. ஒரு வெரலு கம்மி, பேலன்ஸு கொஞ்சம் பேஜாரு, ஆனா நடக்குறேன். காத்தால நாஷ்டா கேவுரு ரொட்டி ரெண்டு, முருங்கக்கீர போட்டது. ஜூடி பக்கத்துல குந்திகினு நான் முழுங்குறத பாத்துட்டுதான் மாத்திர குட்க்குறா. போலீஸுகாரி தோத்தா.

உன் லெட்டரு கேட்டேன். ரெண்டு தபா படிக்க சொன்னேன். மொதல்ல கோவம் வந்துச்சு. பிஷப் ஆண்டவர காக்க வெப்பாளாமே, எம்மாந் திமிரு. அப்பால உங்கப்பன நெனச்சேன். ஒரு காலோட அவரு கோயிலுக்கு போனப்ப ஆண்டவரு ஒண்ணும் பெருசா சந்தோசப்பட்ட மாதிரி தெரியல.

முப்பதாந்தேதி ரயிலு. டிக்கெட் போட்டாச்சு. பதுருன்னிசாவும் வரா, உன்ன சிஸ்டரா பாக்கணுமாம். அங்க பிரியாணி போடுவாங்கன்னு ஜூடி எனுக்கு டப்பா கட்டிகினு வரா. சிலுவமுத்துக்கு அந்த டப்பாவ கண்ணுல காட்டறதில்ல.

செருப்பு போட்டுகினுதான் வரேன். கருப்பு ரப்பரு. சோப்பு போட்டு தேச்சு வெயில்ல காய வெச்சிருக்கேன், ஆண்டவரு முன்னாடி கலீஜா போக கூடாதில்ல.

ஒண்ணு சொல்றேன் கேளு. உன் பேரு கூப்பிட்டா நீ திரும்பி என் கால பாக்காத. செருப்பு கால்லதான் கீது. நீ நேரா எழுந்து போ.

உன் அம்மா,
பிலோமினா